பின்னணி இசையும் ஐந்து கோடுகளும்

(வெள்ளி விழாவின் இரண்டாம் நாள் மாலை, இளைஞர் அரங்கில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

 

இளைஞர் அணிச் செயலாளர் என் இல்லம் தேடி வந்து, "ஐயா, சண்டைப் படங்களுக்கும் சாகசப் படங்களுக்கும் இசையமைப்பவரின் தொழில் வாழ்க்கையைப் பற்றி நீங்கள் பேச வேண்டும்" என்று கேட்டுக்கொண்டார். உடன் வந்திருந்த மூத்த உறுப்பினர் ஒருவர் முகம் சுளித்தார். கல்விச் சங்கத்தின் வெள்ளி விழாவில் அடிதடிப் படத்திற்கு என்ன வேலை என்பது அவர் எண்ணம். நான் ஒப்புக்கொண்டேன். இச்சங்கம் எதற்காகத் தோன்றியதோ அந்தக் கருத்தே இந்தத் தலைப்பிற்குள் மறைந்திருக்கிறது என்று எனக்குத் தோன்றியது. அதைச் சொல்ல முயல்கிறேன்.

முதலில் ஒரு சிறு சோதனை. இன்று இரவு வீட்டிற்குச் சென்றதும், தொலைக்காட்சியில் ஒரு சண்டைக் காட்சி வரும்போது ஒலியை முற்றிலும் அடைத்துவிட்டுப் பாருங்கள். கதாநாயகன் கையை ஓங்குவான். எதிரே நிற்பவன் அடி படுவதற்கு முன்பே விழத் தயாராக இருப்பது உங்கள் கண்ணுக்குத் தெரிந்துவிடும். நமக்குச் சிரிப்பு வரும். ஒலியைத் திறந்துவிட்டால் அதே காட்சியில் நம் நெஞ்சு படபடக்கிறது. அந்தப் படபடப்பில் பெரும்பங்கு பின்னணி இசைக்காரனுடைய உழைப்பு. பாட்டை முணுமுணுக்கிறோம், பின்னணி இசையை எவரும் முணுமுணுப்பதில்லை. பாட்டுக்குப் பெயர் உண்டு, இசைத்தட்டு உண்டு. சண்டைக் காட்சியின் இசைக்கு அவை இல்லை. திரையரங்கை விட்டு வெளியே வரும்போதே அது மறந்துபோகிறது.

இத்துறையில் உலகறிந்த மேதைகள் உண்டு. 1938-இல் வெளிவந்த ராபின் ஹூட் படத்திற்கு இசையமைத்து ஆஸ்கார் பரிசு பெற்ற கோர்ன்கோல்டு ஒருவர். 1960-களில் இத்தாலியில் எடுக்கப்பட்ட குதிரைவீரர் படங்களுக்கு, பெரிய வாத்தியக் குழுவைச் சார்ந்திராமல், சீழ்க்கையையும் சாட்டை ஒலியையும் கிதாரையும் கொண்டே உலகை அசைத்த என்னியோ மோரிகோனே மற்றொருவர். அவர் ஒரு டிரம்பெட் கலைஞரின் மகன். நம் தமிழகத்தில், சேலம் மாடர்ன் தியேட்டர்ஸாரின் துப்பறியும் படங்களுக்கு இசையமைத்த வேதாவை இங்குள்ள பெரியவர்கள் நினைவில் வைத்திருப்பீர்கள். 1966-இல் வந்த வல்லவன் ஒருவன் அவருடையது. 1982-இன் மூன்று முகத்திற்கு இசையமைத்த சங்கர் கணேஷ் இரட்டையரை நாம் எளிதில் மறக்க முடியாது. இவர்களைப் பற்றி விரிவாகப் பேச நேரமில்லை. நான் எடுத்துக்கொண்டது இளையராஜா அவர்களை.

இங்கே ஒன்றைத் தெளிவுபடுத்திவிட வேண்டும். நம்முடைய கூட்டங்கள் பலவற்றில் அவர் பெயரை உறவு முறை கொண்டாடிச் சொல்லும் வழக்கம் இருக்கிறது. தம்மைச் சாதியின் பெயரால் அடையாளம் காட்டுவதை அவர் விரும்புவதில்லை. அவருடைய விருப்பத்தை நாம் மதிக்க வேண்டும். ஆகவே நான் இன்று உறவு பேச வரவில்லை. அவர் எப்படிக் கற்றார், கற்றதை வைத்து எப்படித் தொழில் செய்தார் என்பதை மட்டுமே பேச வந்திருக்கிறேன்.

இன்றைய தேனி மாவட்டத்துப் பண்ணைப்புரத்தில் 1943-இல் பிறந்தவர். இயற்பெயர் ஞானதேசிகன், ஊரார் அழைத்தது ராசையா. தமையனார் பாவலர் வரதராசன் பொதுவுடைமைக் கட்சி மேடைகளில் பாட்டாலேயே பிரசாரம் செய்தவர். 1958-இல் தேவிகுளம் சட்டமன்றத் தொகுதியில் நடைபெற்ற இடைத்தேர்தலில் தேயிலைத் தோட்டத் தொழிலாளர் நடுவே பாவலர் பாடினார். கட்சி வேட்பாளர் ரோசம்மா புன்னூஸ் வெற்றி பெற்றார். தேவிகுளம் என்றவுடன் நம் மாவட்டத்துப் பெரியவர்களுக்கு வேறொரு நினைவும் வரும். தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நம் நான்கு தாலுகாக்களோடு சேர்த்துத் தமிழகத்துடன் இணைக்கக் கேட்கப்பட்ட பகுதி அது. 1956 நவம்பர் 1-இல் நாம் இங்கு வந்தோம். தேவிகுளம் கேரளத்தில் நின்றது. அந்த மலைமேடைகளில்தான் ராசையா என்ற சிறுவனும் தமையனோடு பாடத் தொடங்கினான். அடுத்த பத்தாண்டுகள் ஊர் ஊராகச் சென்று ஆர்மோனியம் வாசித்ததே அவருடைய பள்ளிக்கூடம்.

1968-இல் சகோதரர்களுடன் சென்னைக்குப் புறப்பட்டார். தாயார் சின்னத்தாயம்மாள் வீட்டிலிருந்த வானொலிப் பெட்டியை விற்று 400 ரூபாய் கொடுத்து அனுப்பினார் என்பது பலரும் அறிந்த செய்தி. அதைக் கேட்டுக் கண் கலங்குகிறோம். நல்லது. ஆனால் அதற்கு அடுத்து நடந்ததே நம் கவனத்திற்கு உரியது. அப்போது அவருக்கு வயது 25. பத்தாண்டு மேடை அனுபவம் உடையவர். ஆர்மோனியத்தில் எந்த மெட்டையும் கேட்ட மாத்திரத்தில் வாசிக்கக் கூடியவர். அத்தகையவர் மயிலாப்பூரில் ஒரு விடுதி அறையில் இசை கற்பித்துவந்த தன்ராஜ் மாஸ்டரிடம் சென்று, மேலை நாட்டு இசையின் அரிச்சுவடியைக் குழந்தையைப்போல் தொடக்கத்திலிருந்து கற்றார். ஐந்து கோடுகளின்மீது புள்ளிகள் வைத்து எழுதும் இசைக் குறியீட்டை எழுதவும் படிக்கவும் பழகினார். இலண்டன் டிரினிட்டி இசைக் கல்லூரியின் கிதார் தேர்வுகளை எழுதினார். கருநாடக இசையை டி.வி. கோபாலகிருஷ்ணனிடம் பயின்றார். பிழைப்புக்காக, சலீல் சௌத்ரி முதலியோரின் இசைக்குழுக்களில் கிதார் வாசித்தார், ஜி.கே. வெங்கடேஷிடம் உதவியாளராகப் பல கன்னடப் படங்களில் பணியாற்றினார். பஞ்சு அருணாசலத்தின் வாயிலாக அன்னக்கிளி கிடைத்தது 1976-இல். அதாவது சென்னைக்கு வந்து எட்டு ஆண்டுகள் கழித்து, 33-ஆம் வயதில். 'ஒரே இரவில் புகழ் பெற்றார்' என்று எழுதுகிறவர்கள் அந்த எட்டு ஆண்டுகளை எங்கே கொண்டுபோய் வைக்கிறார்களோ எனக்குத் தெரியவில்லை.

இனிச் சண்டைப் படத்திற்கு வருவோம். 1978-இல் பிரியா, 1980-இல் முரட்டுக்காளை, 1981-இல் கழுகு, 1985-இல் காக்கிச்சட்டை, 1986-இல் விக்ரம், 1991-இல் கேப்டன் பிரபாகரன் என்று அவர் இசையமைத்த சாகசப் படங்களின் வரிசை நீளமானது. இவற்றுக்கெல்லாம் பின்னணி இசை எவ்வாறு சேர்க்கப்பட்டது? படம் முழுவதும் எடுத்து, வெட்டி, ஒட்டி, வசனமும் பதிந்த பிறகு கடைசியாக இசையமைப்பாளர் கைக்கு வரும். திரையுலகத்தார் இதனை ரீரிக்கார்டிங் என்பர். வெளியீட்டு நாள் முன்பே அறிவிக்கப்பட்டிருக்கும். மற்ற எல்லோரும் தாமதித்த நாட்களை இவர் தலையில் கட்டுவார்கள். முழுப் படத்திற்கும் மூன்று நான்கு நாட்களே கிடைப்பதும் உண்டு.

இதில் உள்ள கணக்கைச் சற்றுக் கவனியுங்கள். கணிதம் பயிலும் மாணவர்களுக்கு இது பிடிக்கும். படச்சுருள் காலத்தில் ஒரு ரீல் என்பது ஆயிரம் அடி. ஏறத்தாழ 11 நிமிடம் ஓடும். ஒரு வினாடிக்கு 24 படங்கள். ஓர் அடி நீளத்தில் 16 படங்கள். ஆகவே ஒன்றரை அடி ஓடினால் ஒரு வினாடி. ஒரு சண்டை தொடங்கி 30 அடி ஓடிய இடத்தில் வில்லன் மாடியிலிருந்து விழுகிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள். அது 20-ஆவது வினாடி. நிமிடத்திற்கு 120 தட்டு என்னும் வேகத்தில் இசை ஓடினால், 20 வினாடியில் 40 தட்டுகள். நான்கு நான்காகப் பிரித்தால் சரியாகப் பத்துச் சுற்று. வில்லன் விழும் கணத்தில் புதிய சுற்றின் முதல் தட்டு விழும். மேளம் அங்கே இடியாய் இறங்கலாம். ஆனால் படத்தை வெட்டியவர் அவனை முப்பத்தொன்றரை அடியில் விழவைத்துவிட்டால்? அது 21-ஆவது வினாடி, 42 தட்டுகள். பத்துச் சுற்று முடிந்து இரண்டு தட்டுகள் மீதி. அப்போது இசையமைப்பாளர் நடுவில் எங்கேனும் இரண்டு தட்டுகள் கொண்ட ஒரு சிறு சுற்றைச் செருக வேண்டும். அல்லது வேகத்தை மாற்ற வேண்டும். அதுவும் கேட்பவருக்குத் தெரியாமல். ஒரு சண்டையில் இத்தகைய இடங்கள் இருபது முப்பது வரும்.

இளையராஜா ரீலை ஓடவிட்டுப் பார்ப்பார். பிறகு தாளை எடுத்து எழுதத் தொடங்குவார். வாத்தியத்தை இசைத்துப் பார்த்து எழுதுவதில்லை. வயலினுக்கு இன்னது, குழலுக்கு இன்னது, டிரம்பெட்டுக்கு இன்னது என்று நெஞ்சில் கேட்பதை நேரே கோடுகளில் இறக்குவார். படியெடுப்போர் ஒவ்வொரு வாத்தியக்காரருக்கும் உரிய பகுதியைத் தனித்தாளில் எழுதிக் கொடுப்பர். வி.எஸ். நரசிம்மன் போன்ற வயலின் கலைஞர்கள் அத்தாளை அப்போதுதான் முதன்முறையாகப் பார்க்கிறார்கள், பார்த்தவுடன் வாசிக்கிறார்கள். புருஷோத்தமன் குழுவை நடத்துகிறார். ரீல் மீண்டும் ஓடுகிறது, இசை பதிவாகிறது. அடுத்த ரீல்! எழுத்து என்ற ஒன்று இல்லாவிட்டால் இது நடக்குமா? ஐம்பது பேருக்கும் வாயால் பாடிக் காட்டி மனப்பாடம் செய்விப்பதென்றால் மூன்று நாள் அல்ல, மூன்று மாதம் போதாது. ஆயிரத்திற்கும் மேற்பட்ட படங்களுக்கு ஒருவர் இசையமைக்க முடிந்ததன் இரகசியம் அந்த ஐந்து கோடுகளில் இருக்கிறது.

எங்கே இசை வேண்டா என்று முடிவு செய்வதும் இத்தொழிலில் ஒரு பகுதி. கற்றுக்குட்டி சண்டை முழுவதும் மேளத்தைப் போட்டு அடிப்பான். தேர்ந்தவர் அடிக்கு முன்னால் ஒரு கணம் நிறுத்துவார். 1987-இல் வந்த நாயகன் இளையராஜாவின் 400-ஆவது படம் என்பார்கள். துப்பாக்கியும் இரத்தமும் நிறைந்த அப்படத்தின் நெஞ்சில் ஓடுவது தாலாட்டுப் போன்ற ஒரு மெட்டு. கொலை செய்கிறவனுக்குத் தாலாட்டை வைத்தார். கதையின் துயரம் முழுவதும் அதில் இறங்கிவிட்டது.

1986-இல் இன்னொரு மாற்றமும் நிகழ்ந்தது. சுஜாதா கதை எழுதிய விக்ரம், களவாடப்பட்ட ஏவுகணையைத் தேடிச் செல்லும் சாகசப் படம். அவ்வாண்டிலேயே புன்னகை மன்னனும் வந்தது. கணினியைக் கொண்டு இசையைக் கோக்கும் முறை அவர் இசையில் புகுந்த காலம் அது. இளைஞர்கள் இதைப் பெருமையாகச் சொல்வார்கள். நானும் சொல்கிறேன். ஆனால் இதன் மறுபக்கத்தையும் சொல்லாவிட்டால் நான் உங்களுக்கு உண்மையாக நடந்தவனாக மாட்டேன். கணினி வலுப்பெற வலுப்பெற, பத்துப் பேர் வாசித்ததை ஒருவர் விசைப்பலகையில் வாசித்து முடித்தார். ஒலிப்பதிவுக் கூடங்களை நம்பி வாழ்ந்த வாத்தியக்காரர்கள் பலருக்கு வேலை குறைந்தது. ஆகவே, தேர்வு வகுப்பை விட்டுவிட்டுக் கோடம்பாக்கத்திற்கு ரயில் ஏறுங்கள் என்று நான் இங்கே சொல்லவில்லை. அப்படிச் சென்று திரும்பி வந்தவர்களை நான் அறிவேன்.

தேசிய விருதுகள் அவருக்கு ஐந்து. அவற்றுள் இரண்டு பின்னணி இசைக்கென்றே அறிவிக்கப்பட்டவை. ஒன்று 2009-இல் வந்த பழசிராஜா என்னும் மலையாளப் படத்திற்கு. ஆங்கிலேயரை வயநாட்டுக் காடுகளில் எதிர்த்த பழசி மன்னரின் போர்க்கதை அது. விளவங்கோடு, கல்குளம் பகுதி உறுப்பினர்கள் அதை மலையாளத்திலேயே கண்டிருப்பீர்கள். மன்னருக்காக வில்லேந்திய குறிச்சியர் தலைவன் தலைக்கல் சந்துவை அதில் காணலாம். மற்றொன்று 2016-இல் வெளிவந்த தாரை தப்பட்டை. பாலா இயக்கிய அப்படம் இளையராஜாவின் ஆயிரமாவது படம் என்று குறிக்கப்பட்டது. தஞ்சைப் பக்கத்துக் கரகாட்டக் குழுவின் கதை. முடிவில் கொடிய சண்டை. அங்கே தோலும் குச்சியும் பேசுகின்றன. நாம் அறிந்த ஒலிகள் அவை.

இந்த இடத்தில்தான் என் பேச்சின் கருவுக்கு வருகிறேன்.

என் பாட்டனார் பறை அடித்தவர். இடக்கையில் நீண்ட மெல்லிய குச்சி. வலக்கையில் குட்டையான தடித்த குச்சி. வைக்கோல் தீ மூட்டித் தோலைக் காய்ச்சி, விரலால் சுண்டிப் பார்த்துச் சுருதி சரி செய்வார். சாவு வீட்டிற்கு ஓர் அடி, கொடைவிழாவிற்கு ஓர் அடி, நடக்கும்போது ஓர் அடி, நிற்கும்போது ஓர் அடி என்று அவரிடம் பலவகை அடிகள் இருந்தன. பிறகு எங்கள் ஊரில் பெரியவர்கள் கூடி, இனிப் பிறர் வீட்டுச் சாவுக்குப் பறை அடிப்பதில்லை என்று முடிவு செய்தனர். அம்முடிவு சரியானது என்றே இன்றும் கருதுகிறேன். கூலிக்கு அன்று, கட்டாயத்திற்கு அடித்த அடி அது. என் தகப்பனார் என் கையில் பலகையைக் கொடுத்துப் பள்ளிக்கு அனுப்பினார். பறை பரண்மேல் ஏறியது, கரையான் தின்றது. பாட்டனார் இறந்தபோது அந்த அடிகளும் அவரோடு போயின. எவரும் எழுதி வைக்கவில்லை. எழுத முடியும் என்றே எங்களுக்குத் தெரியாது.

பிற வீட்டுப் பிள்ளை வயலின் வாசித்தால், "ஆசிரியர் யார்?" என்று கேட்கிறார்கள். நம் பிள்ளை மேளம் அடித்தால், "இரத்தத்தில் ஊறியது" என்கிறார்கள். கேட்பதற்குப் புகழ்ச்சிபோல் இருக்கிறது. நான் பல ஆண்டுகள் அதைப் புகழ்ச்சி என்றே எண்ணி மகிழ்ந்தேன். இரத்தத்தில் ஊறியதற்குப் பயிற்சி வேண்டா. பயிற்சி இல்லாததற்குச் சம்பளம் வேண்டா. சம்பளம் இல்லாதவனுக்கு மரியாதை எதற்கு? ஒரு சொல்லில் எத்தனை பூட்டு, பாருங்கள்! இளையராஜாவையும் 'பிறவி மேதை' என்று சொல்லிக் கைகூப்பிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். தன்ராஜ் மாஸ்டரின் அறையில் அவர் தேய்த்த எழுதுகோலை மறந்துவிடுகிறோம். 25 வயதில், அதுவரை தெரிந்ததையெல்லாம் ஒதுக்கி வைத்துவிட்டு மாணவனாக உட்கார்வதற்கு எவ்வளவு மனத்திடம் வேண்டும் என்பதை, இங்கே இடையில் படிப்பை விட்டு மாலை வகுப்பில் மீண்டும் சேர்ந்திருக்கும் தம்பிகளும் தங்கைகளும் என்னைவிட நன்றாக அறிவார்கள். அந்த மாணவர்தான் 2025 மார்ச் 8-ஆம் நாள் இலண்டனில் தாம் எழுதிய சிம்பொனியை அந்நாட்டு வாத்தியக் குழுவினர் வாசிக்கக் கேட்டு நின்றார். அவர்களுக்குத் தமிழ் தெரியாது. அவர் எழுதிய தாளைப் படிக்கத் தெரியும்.

இச்சங்கத்தின் பொதுக்குழுவில் ஒரு தீர்மானம் நிலுவையில் இருப்பதாக அறிகிறேன். மாலை வகுப்புகளில் வாரம் ஒரு மணி நேரம் இசைக்கு ஒதுக்க வேண்டும் என்கின்றனர் இளைஞர்கள். போட்டித் தேர்வுப் பயிற்சிக்கே பணம் போதவில்லை, மீண்டும் கொட்டடிக்கவா பிள்ளைகளைக் கொண்டுவிடுகிறோம் என்கின்றனர் மூத்தவர்கள். மூத்தவர்களின் அச்சத்தை நான் எளிதாக எண்ணவில்லை. என் தகப்பனாரின் அச்சமும் அதுவே. எந்தப் பறையிலிருந்து நம்மை விடுவிக்க அவர்கள் பாடுபட்டார்களோ, அதை நாமே தோளில் மாட்டிக்கொள்வது அவர்களுக்கு வலிக்கும். ஆனால் காலம் சிறிது மாறியிருக்கிறது. பறை ஆசிரியரான வேலு ஆசானுக்கு 2025-இல் பத்மஸ்ரீ விருது வழங்கப்பட்டது. அதற்கு அடிப்படை அவர் பறையைக் கற்பித்ததும்தான் என்பதைக் கவனியுங்கள்.

நான் கேட்பது பறையை மட்டும் அன்று. அந்த ஒரு மணி நேரத்தில் பிள்ளைகள் கையில் முதலில் கொடுக்க வேண்டியது குச்சியன்று, எழுதுகோல். தாளத்தை எழுதப் பழகட்டும். பிறகு எழுதியதைப் பார்த்து அடிக்கட்டும், கிதார் வாசிக்கட்டும், கணினியில் கோக்கட்டும். அவர்களுள் யாரும் திரைப்படத்திற்கு இசையமைக்காமல் போகலாம். வங்கியில் வேலை பார்க்கலாம், ஆசிரியராகலாம். அதனால் அந்த ஒரு மணி நேரம் வீணாகிவிடாது.

செலவைப் பற்றி ஒரு சொல். கோடு போட்ட நோட்டு ஒன்றின் விலை ஒரு திரைப்பட அனுமதிச் சீட்டின் விலையைவிடக் குறைவு. முதல் இருபது நோட்டுகளை நான் வாங்கித் தருகிறேன். நம் பகுதியில் பழைய அடிகள் தெரிந்த முதியவர் ஒருவர் இன்னும் இருக்கிறார். வயது எண்பதைக் கடந்துவிட்டது, கை நடுங்குகிறது, ஆனால் வாயால் சொல்லுகிறார். சென்ற வாரம் நம் இளைஞர் இருவர் கைப்பேசியில் அவர் சொன்னதைப் பதிந்து வந்து எனக்குக் கேட்கச் செய்தனர். ஏழு அடிகள் கிடைத்திருக்கின்றன. எட்டாவது பாதியில் நிற்கிறது. அன்று அவருக்கு மூச்சு வாங்கியது. வரும் ஞாயிற்றுக்கிழமை காலை மீண்டும் செல்கிறார்கள். பொதுக்குழு உறுப்பினர்களில் நேரம் உள்ளவர்கள் உடன் செல்லுமாறு கேட்டுக்கொள்கிறேன்.